கிளாஷ் ராயலில் ஜெயிப்பது எப்படி: கிளான் சாட்டில் அடிக்கடி வரும் கேள்விகள்

கிளாஷ் ராயல் மொபைல் ஆட்டத்தில் எங்கள் கிளானுக்குப் (சேர்ந்து ஆடுகிறவர்களின் குழு) புதிதாக வருகிறவர்கள் கேட்பது பெரும்பாலும் இதே பத்துப் பதினைந்து கேள்விகள்தான். சாட்டில் துண்டு துண்டாகப் பதில் சொல்லி அது மேலே போய் மறைந்துவிடுகிறது, மறுநாள் இன்னொருவர் அதையே கேட்கிறார். அதனால் மொத்தமாக எழுதி வைக்கிறேன். ஒன்றை மட்டும் முன்னாலேயே சொல்லிவிடுகிறேன்: கார்டுகளின் பலத்தை அவ்வப்போது கூட்டுவார்கள், குறைப்பார்கள், ஆகவே "இந்த சீசனில் எது டாப்" என்பது இதில் கிடையாது. எந்த சீசனிலும் செல்லுபடியாகிற விஷயங்கள் மட்டும்தான்.

டவர் டிஃபன்ஸ் என்கிறார்கள், ஆனால் நானே போய் அடிக்கவும் வேண்டியிருக்கிறதே?

இரண்டும்தான். ஹெல்சிங்கியில் இருக்கும் சூப்பர்செல் 2016 மார்ச்சில் வெளியிட்ட ஆட்டம் இது, கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் ஆடியவர்களுக்கு முகங்கள் எல்லாம் பழக்கமானவை. வழக்கமான டவர் டிஃபன்ஸில் கம்ப்யூட்டர் அலை அலையாக ஆட்களை அனுப்பும், நாம் தடுப்போம். இங்கே அனுப்புகிறவரும் ஒரு மனிதர், அவருக்கும் காப்பாற்ற வேண்டிய டவர்கள் இருக்கின்றன. ஆளுக்கு மூன்று டவர்: நடுவில் கிங், இரு பக்கமும் பிரின்சஸ். குறுக்கே ஓர் ஆறு, அதன் மேல் இரண்டு பாலம். டெக்கில் (நாம் தேர்ந்தெடுத்து வைக்கிற தொகுப்பு) 8 கார்டு, கையில் எப்போதும் 4. ஒவ்வொரு கார்டுக்கும் எலிக்சரில் (ஆட்டத்தின்போது தானாக ஊறி வரும் சக்தி) ஒரு விலை. 3 நிமிடம் முடியும்போது யார் அதிக டவர் உடைத்திருக்கிறாரோ அவர் ஜெயித்தார், கிங் டவர் விழுந்தால் அங்கேயே ஆட்டம் முடிந்தது. 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் இதைக் காட்சிப் போட்டியாக வைத்திருந்தார்கள். வீட்டில் "எந்நேரமும் பொம்மை விளையாட்டு" என்று யாராவது ஆரம்பித்தால் அதை எடுத்து விடலாம், பலன் இருக்கும் என்று சொல்ல மாட்டேன்.

ஜெயிக்கணும் என்றால் முதலில் எதைக் கத்துக்கணும்?

எலிக்சர் கணக்கு. மற்றதெல்லாம் அதற்கு அப்புறம்.

ஆட்டம் தொடங்கும்போது இருவருக்கும் 5 எலிக்சர். அதன் பிறகு 2.8 விநாடிக்கு ஒன்று வரும், அதிகபட்சம் 10 வரைதான் சேரும். 10 நிறைந்த பிறகும் நீங்கள் சும்மா பார்த்துக்கொண்டு இருந்தால் அடுத்து வர வேண்டியது வராது, அது நஷ்டம், எதிராளிக்கு இலவசமாகக் கொடுத்த மாதிரி. இருவருக்கும் ஒரே வேகத்தில்தான் எலிக்சர் வருகிறது என்பதால், ஒருவர் ஜெயிப்பதற்கு ஒரே வழி அதைக் கஞ்சத்தனமாகச் செலவழித்து எதிராளியை அதிகம் செலவழிக்க வைப்பதுதான்.

எதிராளி மினியன் ஹோர்ட் போடுகிறார், 5 எலிக்சர். நீங்கள் ஆரோஸ் போட்டு மொத்தத்தையும் அழிக்கிறீர்கள், 3 எலிக்சர். டவரில் ஒரு கீறல்கூட விழவில்லை, ஆனாலும் அந்த நொடியில் நீங்கள் 2 எலிக்சர் முன்னால் போய்விட்டீர்கள். கோப்ளின் பேரலுக்கு (3) லாக் (2) போட்டால் 1 லாபம். ஒற்றைப் பிரின்ஸ் (5) ஓடி வரும்போது அவர் தலையைச் சுற்றி ஸ்கெலட்டன் ஆர்மி (3) இறக்கினால் 2 லாபம், எதிராளி கையில் சின்ன ஸ்பெல் (ஆரோஸ், லாக் மாதிரி, ஆள் இறக்காமல் நேரடியாக அடிக்கிற கார்டு) இல்லாதவரை. இப்படி ஒன்று, இரண்டு என்று சேர்த்து நான்கைந்து ஆன பிறகுதான் ஒரு டவர் விழும். கடைசியில் டவரை அடித்த ஹாக் ரைடரைத்தான் (டவரைத் தேடி ஓடுகிற கார்டு) எல்லோரும் பார்க்கிறார்கள், அதை அடிக்க வைத்தது ஒன்றரை நிமிடத்துக்கு முந்தின அந்த ஆரோஸ்.

எதிராளியிடம் எவ்வளவு எலிக்சர் இருக்கிறது என்று திரையில் காட்டாதே, எப்படித் தெரியும்?

அவருடைய எலிக்சரைத் தனியாக எண்ண முயற்சி செய்யாதீர்கள், தலை சுற்றும். வித்தியாசத்தை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஆரம்பத்தில் பூஜ்யம். நீங்கள் ஏதாவது போட்டால் அந்த விலையைக் கழியுங்கள், அவர் போட்டால் கூட்டுங்கள்.

ஒரு ஆட்டத்தை எடுத்துக்கொள்வோம். அவர் மினியன் ஹோர்ட் போட்டார், பிளஸ் 5. நீங்கள் ஆரோஸ், இப்போது பிளஸ் 2. நீங்கள் பாலத்தில் ஹாக் ரைடர் (4), மைனஸ் 2. அவர் கேனன் (3) போட்டுத் தடுத்தார், பிளஸ் 1. அவர் பாலத்தில் நைட் (3) இறக்கினார், பிளஸ் 4. நீங்கள் ஸ்கெலட்டன்ஸ் (1), ஐஸ் ஸ்பிரிட் (1) இரண்டையும் வைத்து, டவரும் கூடச் சுட, சமாளித்தீர்கள், பிளஸ் 2. இப்போது உங்கள் பட்டையைப் பார்க்கிறீர்கள், 10 இருக்கிறது. நீங்கள் 2 முன்னால், ஆகவே அவரிடம் 8. அந்த நேரம் பார்த்து அவர் கிங் டவருக்குப் பின்னால் கோலெம் (8) இறக்குகிறார். அவரிடம் இப்போது இருப்பது பூஜ்யம். கோலெம் ஆடி அசைந்து பாலத்துக்கு வருவதற்குள் எதிர்ப்பக்கப் பாலத்தில் ஹாக் ரைடரை விடுங்கள், தடுக்க அவரிடம் காசு இல்லை. இந்தக் கணக்கு இல்லாமல் அதே ஹாக்கை விட்டிருந்தால் அது சூதாட்டம், இருந்தால் அது வசூல்.

இந்தக் கணக்கு ஒரே இடத்தில்தான் பிசகும்: யாராவது ஒருவர் 10-ல் நிறைந்து உட்கார்ந்திருந்தால். நீங்கள் 10-ல் மூன்று விநாடி நின்றால் வித்தியாசத்தில் ஒன்றைக் கழித்துவிடுங்கள். ஒன்று இரண்டு தப்பினாலும் பரவாயில்லை, "அவரிடம் நிறைய இருக்கிறது", "அவர் காலி" என்ற அளவுக்குத் தெரிந்தாலே பாதிப் பேரைவிட நீங்கள் மேல்.

எந்த டெக் நல்ல டெக்?

நீங்கள் மாற்றாமல் ஆடுகிற டெக். கிண்டலாகச் சொல்லவில்லை. தோற்றதும் டெக்கை மாற்றுகிறவர்கள், அந்தப் புது டெக்கிலும் தோற்றதும் அதையும் மாற்றுகிறவர்கள், ஒரு வருஷம் கழித்தும் அதே ட்ராஃபியில்தான் (ஜெயித்தால் ஏறி, தோற்றால் இறங்குகிற புள்ளி) நிற்கிறார்கள். கை எந்த வேகத்தில் எந்தக் கார்டுக்குப் போக வேண்டும் என்று யோசிக்காமல் தெரிய வேண்டும், அது பழகித்தான் வரும்.

டெக்கில் என்ன இருக்க வேண்டும் என்றால், டவரை அடிக்கப் போகிற ஒரு கார்டு (ஹாக் ரைடர், ஜயன்ட், பலூன், மைனர், கோப்ளின் பேரல், எக்ஸ்-போ மாதிரி), ஒரு சின்ன ஸ்பெல், ஒரு பெரிய ஸ்பெல், வானத்தில் வருவதைச் சுடுகிற இரண்டு மூன்று கார்டு, பெரிய ஆளைத் தடுக்க ஒரு கட்டடமோ பலமான வீரனோ. மீதி இடத்தில் மலிவான கார்டுகள். நிறையப் பேர் டெக்கில் இருப்பது பெக்கா, மெகா நைட், விசார்ட், எலைட் பார்பேரியன்ஸ் என்று பார்க்க மிரட்டலான எட்டுப் பேர். எல்லோரும் ஹீரோ, தண்ணீர் கொண்டுவந்து கொடுக்க ஆள் இல்லை.

பழைய ஹாக் 2.6 டெக்கைப் பார்த்தால் இது புரியும்: ஹாக் ரைடர் 4, மஸ்கட்டியர் 4, ஃபயர்பால் 4, கேனன் 3, ஐஸ் கோலெம் 2, லாக் 2, ஐஸ் ஸ்பிரிட் 1, ஸ்கெலட்டன்ஸ் 1. மொத்தம் 21, எட்டால் வகுத்தால் 2.6. மிரட்டுகிற ஆள் ஒருவர்கூட இல்லை. ஆனால் இந்த டெக்கைப் பல வருஷமாக மேல்தட்டில் ஆடுகிறார்கள்.

சராசரி விலை குறைவாக இருந்தால் அதில் என்ன லாபம்?

நீங்கள் போட்ட கார்டு வரிசையின் கடைசிக்குப் போகிறது, வேறு நான்கு கார்டு போட்ட பிறகுதான் திரும்பக் கைக்கு வரும். இதுதான் சைக்கிள். மேலே சொன்ன டெக்கில் மலிவான நான்கு கார்டின் விலை 1, 1, 2, 2, மொத்தம் 6. அதாவது சுமார் 17 விநாடி எலிக்சரில் ஹாக் மறுபடி கையில். எதிராளி ஹாக்கைத் தடுக்க ஒரே ஒரு கட்டடத்தை நம்பியிருந்தால், அவருடைய கட்டடம் அவர் கைக்குத் திரும்புவதற்கு முன் உங்கள் ஹாக் இரண்டாம் தடவை வந்து நிற்கும். அவருடைய பதில் கார்டு கையில் இல்லாத அந்த இடைவெளிக்காகத்தான் மலிவு டெக் ஆடுகிறவர்கள் உழைக்கிறார்கள்.

நஷ்டமும் உண்டு. மலிவு கார்டுகளை வைத்துப் பெரிய புஷ்ஷை (கூட்டமாகத் தள்ளிக்கொண்டு வரும் தாக்குதல்) தடுப்பதற்குக் கை சுத்தமாக இருக்க வேண்டும். ஒரு கட்டம் தள்ளி வைத்தாலும் டவர் போகும். புதிதாக ஆடுகிறவர்கள் சராசரி 3.3-லிருந்து 3.8 வரை உள்ள டெக்கில் ஆரம்பிப்பது நல்லது. 4.3, 4.5 எல்லாம் வேண்டாம், கையில் நான்கு கனமான கார்டை வைத்துக்கொண்டு எலிக்சர் நிறையக் காத்திருப்பதே வேலையாகிவிடும்.

ஆட்டம் ஆரம்பித்ததும் முதலில் எதைப் போடுவது?

கையில் என்ன வந்திருக்கிறது என்பதைப் பொறுத்தது. மலிவான கார்டு இருந்தால் அதைப் பின்னால், கிங் டவருக்கு அந்தப் பக்கம் விடுங்கள். அது நடந்து பாலத்துக்கு வருவதற்குள் செலவழித்த எலிக்சர் திரும்ப வந்துவிடும், எதிராளியும் ஏதாவது போட்டுத் தன் டெக்கைக் காட்டிக்கொடுப்பார். எதுவும் சரியாக இல்லையென்றால் 10 நிறைகிற வரை காத்திருப்பதில் தப்பில்லை, நிறைந்த பிறகு காத்திருப்பதுதான் தப்பு. முதல் விநாடியே பாலத்தில் ஆளை இறக்குவதை நான் சிபாரிசு செய்ய மாட்டேன், எதிராளி கையில் எதுவும் தெரியாத நேரம் அது.

எப்படித் தடுத்தாலும் ஹாக் ரைடர் இரண்டு அடி அடித்துவிட்டுத்தான் சாகிறது. ஏன்?

கட்டடத்தை வைக்கிற இடம் சரியில்லை, அநேகமாக டவருக்குப் பக்கத்திலேயே வைக்கிறீர்கள். ஹாக், ஜயன்ட், கோலெம், பலூன், லாவா ஹவுண்ட் எல்லாம் கட்டடத்தை மட்டுமே தேடிப் போகிறவை, வழியில் நிற்கிற வீரர்களைச் சீண்ட மாட்டா. உங்கள் இரண்டு பிரின்சஸ் டவருக்கும் நடுவில், ஆற்றிலிருந்து மூன்று நான்கு கட்டம் உள்ளே தள்ளிக் கேனனை வையுங்கள். பாலம் தாண்டினதும் ஹாக்குக்கு டவரைவிடக் கேனன் கிட்டே தெரியும், அது நடுவே திரும்பும், திரும்பினதும் இரண்டு பிரின்சஸ் டவரும் சேர்ந்து சுடும். முன்பு ஒரு டவர் சுட்டது, இப்போது இரண்டு டவரும் ஒரு கேனனும். அதே 3 எலிக்சர்தான், வைத்த இடம் மட்டும் மாறியிருக்கிறது.

கேனன் வானத்தில் வருவதைச் சுடாது என்பதை மறக்க வேண்டாம். பலூனை அது நடுவே இழுக்கும், அடிப்பது வேறு யாராவதாக இருக்க வேண்டும். டெஸ்லாவும் இன்ஃபெர்னோ டவரும் இரண்டையும் சுடும், விலையும் அதற்கேற்ப 4, 5.

இன்னொரு விஷயம், நேரம். பெரும்பாலான வீரர்கள் போட்டதும் எழுந்து நிற்க ஒரு விநாடி எடுக்கும். ஹாக் பாலத்தில் கால் வைக்கும்போதே போட வேண்டியதை, டவரை நெருங்கின பிறகு போட்டால் அந்த ஒரு விநாடியில் முதல் அடி விழுந்துவிடும்.

பெக்காவும் மெகா நைட்டும் வந்தால் கை நடுங்குகிறது.

பெக்காவைப் பார்த்துப் பயப்பட ஒன்றுமில்லை. 7 எலிக்சர், ஒரு சமயத்தில் ஒரே ஆளைத்தான் வெட்டும், நடை மெதுவு. ஒரே ஒரு எலிக்சர் ஸ்கெலட்டன்ஸ் போட்டால் மூன்று வெட்டு வீணாகும், அந்த நேரம் முழுக்க உங்கள் டவர் சுட்டுக்கொண்டிருக்கும். ஐஸ் கோலெமை நடுவில், எதிர்ப்பக்கம் சாய்த்து வைத்தால் பெக்கா அதைத் துரத்திக்கொண்டு இந்தப் பாதையை விட்டு அந்தப் பாதைக்கே போய்விடும், இரண்டு டவரும் சுடும். பின்னால் வருகிற ஆதரவுப் படைதான் உண்மையான ஆபத்து. அதை முதலில் தீர்த்துவிட்டால் தனியாக வருகிற பெக்கா சாவதற்காக நடந்து வருகிற ஆள்தான்.

மெகா நைட் வேறு ரகம். இறங்கும்போதே சுற்றி இருப்பவர்களை நசுக்கும், நடக்கும்போது கொஞ்ச தூரத்தில் யாராவது தெரிந்தால் தாவி அடிக்கும். ஆகவே கூட்டமாக நிற்கிற சின்ன ஆட்களை அவர் முன்னால் போடக் கூடாது. அந்தத் தாவலுக்குக் குறைந்தபட்ச தூரம் ஒன்று உண்டு, ரொம்பக் கிட்டே இருப்பவர்மேல் தாவ முடியாது. அவர் தலைமேலேயே நைட்டையோ மினி பெக்காவையோ இறக்கினால் தாவல் இல்லாமல் சாதாரண அடிதான் விழும். மெகா நைட் ஆடுகிறவர்கள் பெரும்பாலும் நீங்கள் தள்ளிக்கொண்டு வரும் புஷ்ஷின் மேல் அவரை இறக்கக் காத்திருப்பார்கள். கூட்டமாகப் புஷ் போகாமல் பிரிந்து போனாலே அவருடைய 7 எலிக்சருக்கு வேலை குறைந்துவிடும்.

பாலத்தில் எலைட் பார்பேரியன்ஸை இறக்கிவிட்டு உடனே ரேஜ் போடுகிறார்களே, அதற்கு?

6 கூட்டல் 2, எட்டு எலிக்சர் அங்கே ஓடிக்கொண்டிருக்கிறது. தடுத்துவிட்டால் ஆட்டமே உங்கள் கையில். நடுவில் கட்டடம் வேலைக்கு ஆகாது, அவர்கள் கட்டடம் தேடுகிறவர்கள் இல்லை. ஸ்கெலட்டன் ஆர்மி, வால்கிரியோடு டவர், இல்லையென்றால் நைட்டை முன்னால் நிறுத்திப் பின்னால் மஸ்கட்டியர், எதுவாயிருந்தாலும் அவர்கள் பாலத்தைத் தாண்டுவதற்குள் முடிவு எடுக்க வேண்டும். இந்த வகை எதிராளியோடு ஆடும்போது உங்கள் எலிக்சரை 4-க்குக் கீழே இறக்காதீர்கள், அவர் காத்திருப்பது நீங்கள் காலியாகிற அந்த நொடிக்குத்தான்.

ஸ்பெல்லை எப்போது போடுவது? டவரை அடிக்கவா, ஆட்களை அடிக்கவா?

முதல் இரண்டு நிமிடம் ஆட்களை, முடிந்தால் ஆட்களோடு டவரையும். ஸ்பெல் டவருக்குச் செய்கிற சேதம் வேண்டுமென்றே குறைத்து வைக்கப்பட்டது, ஆகவே வெறும் டவர்மேல் 4 எலிக்சர் ஃபயர்பாலை வீசுவது ஆரம்பத்தில் வீண். எதிராளி மஸ்கட்டியரைத் தன் டவரை ஒட்டி நிறுத்தினால் இரண்டின் மேலும் விழுகிற மாதிரி போடுங்கள். இருவர் கார்டும் சம லெவலில் இருந்தால், ஃபயர்பால் வாங்கிய மஸ்கட்டியர் ஒரு நூலிழையில் உயிரோடு நிற்பாள், கூடவே லாக்கோ ஜாப்போ விழுந்தால் முடிந்தது. எதிராளியிடம் ஃபயர்பால் இருந்தால் இதைத் திருப்பிப் போட்டுக்கொள்ளுங்கள்: உங்கள் மஸ்கட்டியரை டவரிலிருந்து தள்ளி நிறுத்துங்கள், ஒரே ஃபயர்பாலில் இரண்டு வேலை நடக்க விடாதீர்கள்.

சின்ன ஸ்பெல்லில்தான் ஆட்டம் அதிகம் தோற்கிறது. லாக் பெய்ட் என்று ஒரு டெக் வகை, அதில் பிரின்சஸ், கோப்ளின் கேங், கோப்ளின் பேரல் மூன்றும் இருக்கும், மூன்றுக்கும் சரியான பதில் லாக். உங்களிடம் இருப்பது ஒரே லாக். நீங்கள் அதைப் பிரின்சஸ்மேல் உருட்டின மறு நொடி பேரல் டவர்மேல் வந்து விழும். ஆகவே அந்த டெக் என்று தெரிந்ததும் லாக்கைப் பேரலுக்கென்று ஒதுக்கிவிடுங்கள், பிரின்சஸை வேறு எதையாவது வைத்துச் சமாளியுங்கள், அவள் இரண்டு அம்பு அடித்தாலும் பரவாயில்லை. பேரல் வானத்தில் வரும்போதே லாக்கை உருட்டினால் கோப்ளின்கள் தரை தொடும்போது லாக்கும் அங்கே இருக்கும், ஒரு குத்துகூட விழாது. ஜாப் சம லெவலில் கோப்ளின்களைக் கொல்லாது, இதைத் தெரியாமல் ஜாப்பை நம்பி டவரை இழந்தவர்கள் ஏராளம். நேரம் ஆக ஆக அடி கூடுகிற இன்ஃபெர்னோ டவர், இன்ஃபெர்னோ டிராகன் இரண்டையும் முதலிலிருந்து சூடேற வைக்க ஜாப் அருமையான கார்டு.

கிங் டவரை எழுப்புவது என்றால் என்ன?

ஆரம்பத்தில் கிங் டவர் தூங்கிக்கொண்டிருக்கும், பீரங்கி சுடாது. அதன்மேல் அடி விழுந்தாலோ ஒரு பிரின்சஸ் டவர் உடைந்தாலோதான் விழிக்கும். டார்னடோ (ஆட்களை இழுக்கிற ஸ்பெல்) வைத்திருப்பவர்கள் ஹாக்கைக் கிங் டவர் பக்கம் இழுத்து ஒரு அடி வாங்கிக்கொண்டு அதை முன்னாலேயே எழுப்பிவிடுவார்கள், அதன் பிறகு ஆட்டம் முழுக்க மூன்றாவது துப்பாக்கி இலவசம். பேரல், மைனர் ஆடுகிறவர்களுக்கு எதிராக இது பாதி வெற்றி. நீங்கள் அடிக்கும்போது தவறிப்போய் ஸ்பெல் ஓரம் கிங் டவரில் பட்டாலும் அது விழித்துக்கொள்ளும், ராக்கெட் குறி வைக்கும்போது கவனம்.

தடுக்கிறேன், தடுக்கிறேன், அடிக்கவே நேரம் கிடைப்பதில்லை.

தனியாக அடிக்கப் போகத் தேவையில்லை. தடுத்து முடித்ததும் உயிரோடு மிச்சம் இருக்கிற ஆட்கள்தான் உங்கள் அடுத்த தாக்குதல். எதிராளியின் நைட்டை மஸ்கட்டியர் சுட்டுக் கொன்றாள், அவள் உடம்பில் பாதி உயிர் இருக்கிறது, தானாகவே பாலம் நோக்கி நடக்கிறாள். அவள் பாலத்தை எட்டும்போது முன்னால் ஒரு ஹாக்கை விடுங்கள். நீங்கள் செலவழித்தது 4, வருகிற படையின் மதிப்பு 8. எதிராளி இரண்டையும் தடுக்க வேண்டும், அவர் இப்போதுதான் செலவழித்து முடித்திருக்கிறார். நன்றாக ஆடுகிறவர்கள் வெறுமையாகப் பாலத்தில் ஆள் இறக்குவது ரொம்ப அபூர்வம், தடுப்பில் மிஞ்சினதை வைத்தே ஆட்டத்தை ஓட்டுவார்கள்.

கடைசி ஒரு நிமிடத்தில் எல்லாம் தலைகீழாகிறதே?

ஆகும், ஏனென்றால் எலிக்சர் இரட்டிப்பு வேகத்தில் வருகிறது, 1.4 விநாடிக்கு ஒன்று. கணக்குப் போட்டால் முதல் இரண்டு நிமிடத்தில் வருவது சுமார் 43, கடைசி ஒரு நிமிடத்தில் வருவதும் அதே 43. ஆக, ஆட்டத்தின் பாதி அந்த நிமிடத்தில்தான் நடக்கிறது. கோலெம், லாவா ஹவுண்ட் மாதிரி கனமான டெக் வைத்திருப்பவர்கள் முதல் இரண்டு நிமிடம் எதையும் இழக்காமல் தாங்குவதையே வேலையாக வைத்திருப்பார்கள். அவர்களோடு ஆடும்போது நீங்கள் சேதம் சேர்க்க வேண்டியது முன்பாதியில். மலிவு டெக்கோடு மலிவு டெக் என்றால் பெரிய வித்தியாசம் இருக்காது.

3 நிமிடத்தில் சமமாக இருந்தால் கூடுதல் நேரம், அதில் யார் முதலில் ஒரு டவர் உடைக்கிறாரோ அவர் ஜெயித்தார். அதன் கடைசி நிமிடத்தில் எலிக்சர் மும்மடங்கு. அதிலும் முடியவில்லை என்றால் எல்லா டவர்களின் உயிரும் ஒரே வேகத்தில் குறையும், எது முதலில் காலியாகிறதோ அந்தப் பக்கம் தோற்றது. அதாவது, மிகக் குறைந்த உயிர் உள்ள டவர் யாருடையதோ அவர் தோற்பார். இது தெரிந்தால் கூடுதல் நேரத்தில் எதிராளியின் அடிபட்ட டவரை ஸ்பெல்லால் நோண்டுவது ஏன் என்று புரியும், இங்கே மட்டும் வெறும் டவர்மேல் ஃபயர்பால் வீசுவது நியாயம்.

ஒரு டவர் போய்விட்டது. சரண்டர் மனநிலைக்குப் போய்விடுகிறேன்.

போகாதீர்கள், போன டவரில் இரண்டு விஷயம் நடந்திருக்கிறது. உங்கள் கிங் டவர் விழித்துவிட்டது. எதிராளி அந்த டவரை எடுக்க நிறைய செலவழித்திருப்பார், அவர் பக்கம் காலியாக இருக்க வாய்ப்பு அதிகம். இன்னொரு பாதையில் முழு பலத்தோடு போக இதுவே நேரம். ஆபத்து, எதிராளி இனிமேல் ஆற்றைத் தாண்டி உங்கள் பக்கத்திலேயே ஆள் இறக்கலாம், கிங் டவருக்கு ரொம்ப அருகில். அதனால் நடுவில் ஒரு கட்டடம் எப்போதும் நிற்கிற மாதிரி பார்த்துக்கொள்ளுங்கள்.

சில சமயம் வேண்டுமென்றே ஒரு டவரை விட்டுக்கொடுப்பதும் உண்டு. 300 உயிர் மிச்சம் இருக்கும் டவரைக் காப்பாற்ற 9 எலிக்சர் கொட்டுவதைவிட, அதை விட்டுவிட்டு அதே 9-ஐ எதிர்ப்பக்கம் இறக்கினால் கணக்கு சரியாகிவிடும்.

லெவல் அதிகமாக இருப்பவரிடம் எப்படி ஜெயிப்பது? பணம் கட்டினால்தான் முடியுமா?

லெவல் வித்தியாசம் நிஜமானது, அதை மறைத்துப் பேசுகிறவர்களை நம்பாதீர்கள். எதிராளியின் ஃபயர்பால் உங்கள் மஸ்கட்டியரைவிட ஓரிரு லெவல் அதிகம் என்றால் மேலே சொன்ன நூலிழை உயிர் மிஞ்சாது, ஒரே வீச்சில் போய்விடுவாள். இப்படிப் பத்து இடத்தில் கணக்கு மாறும். செய்யக்கூடியது, ஒரே டெக்கின் 8 கார்டுக்கு மட்டும் தங்கத்தைச் செலவழிப்பது, பார்க்கிற எல்லாக் கார்டையும் ஏற்றாமல் இருப்பது. ஒரே டெக்கில் நில்லுங்கள் என்று மேலே சொன்னதற்கு இது இன்னொரு காரணம். பணம் கட்டினால் வேகமாக ஏறலாம், கட்டாமலும் ஏறலாம், கொஞ்சம் மெதுவாக. கட்டுவதாக இருந்தால் வீட்டில் சொல்லிவிட்டுக் கட்டுங்கள், அப்பா கார்டில் கை வைத்துவிட்டுக் கிளானில் வந்து புலம்பாதீர்கள்.

எவல்யூஷன் கார்டு எல்லாம் அவசியமா?

2023-ல் வந்தது. ஒரு கார்டைக் குறிப்பிட்ட தடவை போட்ட பிறகு அடுத்த தடவை பலம் கூடி வரும். உங்கள் டெக்கில் இருக்கிற கார்டுக்குக் கிடைத்தால் வைத்துக்கொள்ளுங்கள், எவல்யூஷனுக்காக டெக்கை மாற்ற வேண்டாம். எதிராளியுடையதைக் கவனித்தால் போதும், அடுத்தது பலம் கூடியது என்று தெரிந்தால் அதற்கான பதிலைக் கையில் பிடித்து வைக்கலாம்.

பஸ்ஸில் ஆடினால் தோற்கிறேன், வீட்டில் ஆடினால் பரவாயில்லை.

காரணம் உங்களுக்கே தெரியும். சிக்னல் விட்டு விட்டு வரும்போது நீங்கள் போட்ட லாக் அரை விநாடி தாமதமாகப் போகிறது, பேரலில் அந்த அரை விநாடிதான் எல்லாம். பஸ்ஸில் ஆட வேண்டும் என்றால் ட்ராஃபி போகாத ஆட்டங்களை ஆடுங்கள்.

தொடர்ந்து ஐந்தாறு தோல்வி. எதிராளி வேறு அழுகிற எமோட் (முகபாவப் படம்) போடுகிறான்.

எமோட்டை அணைத்து வையுங்கள், ஆட்டத்திலேயே அதற்குப் பொத்தான் இருக்கிறது. அப்புறம் இரண்டு தோல்விக்கு மேல் லேடரில் (ட்ராஃபி ஏறி இறங்குகிற ஆட்டம்) உட்காராதீர்கள். மூன்றாவது ஆட்டத்தில் நீங்கள் ஆடுவது எதிராளியோடு இல்லை, முந்தின ஆட்டத்தில் தோற்கடித்தவரோடு, அதனால்தான் முதல் விநாடியே பாலத்தில் ஹாக் இறங்குகிறது. போனை வைத்துவிட்டு டீ குடித்துவிட்டு வாருங்கள், ட்ராஃபி எங்கேயும் ஓடிவிடாது.

ரீப்ளே பார்த்தால் உண்மையிலேயே உபயோகமா?

தோற்ற ஆட்டத்தின் ரீப்ளேயை மட்டும் பாருங்கள், அதிலும் எதிராளியின் கையைப் பாருங்கள். ரீப்ளேயில் அவருடைய எலிக்சரும் தெரியும். டவர் விழுந்த இடத்திலிருந்து அரை நிமிடம் பின்னால் போய்ப் பாருங்கள், அநேகமாக அங்கே அவரிடம் 1 எலிக்சர் இருந்திருக்கும், நீங்கள் 9-ஐ வைத்துக்கொண்டு தயங்கியிருப்பீர்கள், இல்லையென்றால் அதற்கு நேர் எதிர்.

ஒரே வகை டெக்கிடம் திரும்பத் திரும்பத் தோற்கிறேன். பயிற்சி எப்படி எடுப்பது?

அந்த டெக்கை நீங்களே ஆடிப் பாருங்கள். கிளானில் ஃபிரண்ட்லி ஆட்டம் போட்டால் கார்டுகளின் லெவல் சமப்படுத்தப்படும், ட்ராஃபியும் போகாது. லாக் பெய்ட்டை ஆறேழு ஆட்டம் ஆடினால் பேரல் போடுவதற்கு முன் எந்த நொடிக்குக் காத்திருக்கிறார்கள், எதிராளி என்ன செய்தால் எரிச்சலாக இருக்கிறது என்பது கைக்கே தெரிந்துவிடும். அப்புறம் டெக்கை மாற்றிக்கொண்டு எதிர்ப்பக்கம் உட்காருங்கள். எங்கள் கிளானில் ராத்திரி ஒன்பது மணிக்கு மேல் எப்படியும் நான்கைந்து பேர் ஆன்லைனில் இருப்பார்கள், எந்த டெக்கோடு ஆடிப் பழகணும் என்று சாட்டில் போடுங்கள், இருக்கிறவர்கள் வருவார்கள்.